தேன்கூட்டுக்குத் திறவுகோல் வேண்டுமா?

அண்மையில் தமிழாசிரியராகிய நண்பர் ஒருவர் என்னிடம் ஒரு வேண்டுகோள் விடுத்தார். தம் மாணவர்களுக்குத் 'தேன்கூட்டின் ஆவி' என்னும் ஸ்பானியத் திரைப்படத்தைக் காட்ட அவர் ஏற்பாடு செய்திருந்தார். படம் தொடங்குமுன் படித்துக் கொடுக்க ஒரு விளக்கக் குறிப்பு வேண்டுமாம். அதில் என்ன இருக்கவேண்டும் என்பதையும் அவரே சொல்லிவிட்டார். "தேன்கூடு எதைக் குறிக்கிறது, பூதம் எதைக் குறிக்கிறது, தாய் எழுதும் கடிதம் யாருக்கு, இவற்றை வரிசையாக எழுதிவிட்டால் போதும். இல்லையென்றால் பிள்ளைகளுக்கு ஒன்றும் புரியாது, பாதியிலேயே தூங்கிவிடுவார்கள்" என்றார்.

நான் மறுத்தேன். மறுத்ததோடு நில்லாமல் அதற்குரிய காரணங்களைப் பொதுவில் எழுதிவிடுவது என்றும் துணிந்தேன். நண்பர் வருந்தலாகாது. அவர் நல்லாசிரியர், மாணவர் நலத்தையன்றி வேறொன்றும் நாடாதவர். இக்கட்டுரை அவரை எதிர்த்து எழுதப்பட்டதன்று. அவர் வாய்வழியே பேசிய ஒரு பழக்கத்தை எதிர்த்து எழுதப்பட்டது. எதைக் கண்டாலும் "இதன் கருத்து யாது?" என்று முதலில் கேட்பதும், கருத்து கைக்கு வந்தவுடன் கண்ட பொருளை மறந்துவிடுவதுமாகிய பழக்கம் அது. அது நம் வகுப்பறைகளில் வேரூன்றி நெடுநாளாயிற்று.

படத்தைப் பாராதவர்களுக்காகச் சில செய்திகளைச் சொல்லவேண்டும். 1973ஆம் ஆண்டில் வெளிவந்த இப்படம் விக்டர் எரிசே என்னும் இயக்குநரின் முதல் முழுநீளப் படம். அவ்வாண்டே சான் செபாஸ்தியான் திரைப்பட விழாவில் முதற்பரிசாகிய தங்கச் சங்கினைப் பெற்றது. கதை நிகழுமிடம் காஸ்தீலியச் சமவெளியில் உள்ள ஓயுவெலோஸ் என்னும் சிற்றூர். காலம் ஏறத்தாழ 1940. அதாவது, மூன்றாண்டுகள் ஸ்பெயின் நாட்டைச் சூறையாடிய உள்நாட்டுப் போர் 1939 ஏப்ரலில் முடிந்து, பிராங்கோவின் ஆட்சி நிலைபெற்ற நேரம். இயக்குநர் பிறந்ததும் 1940இல்தான் என்பதை ஈண்டு நினைவிற்கொள்ளலாம். தாம் பிறந்த ஆண்டின் நிலத்தை, அந்நிலத்தின் குளிரை, அக்காலத்துப் பெரியவர்களின் வாய் திறவாமையைத்தான் அவர் படமாக்கினார்.

ஊருக்கு ஒரு வண்டியில் படப்பெட்டி வருகிறது. ஊர்மக்கள் தத்தம் நாற்காலிகளைத் தாமே சுமந்துகொண்டு ஊர்க்கூடத்துக்கு வருகிறார்கள். (தோட்டப்புறத்தில் பாய் விரித்து வெள்ளைத் துணியில் படம் பார்த்தவர்களுக்கு இக்காட்சியை விளக்கவேண்டியதில்லை.) காட்டப்படுவது ஜேம்ஸ் வேல் 1931இல் எடுத்த 'பிராங்கென்ஸ்டைன்'. ஆறு வயதுச் சிறுமி அனா அதைப் பார்க்கிறாள். பூதமொன்று ஏரிக்கரையில் ஒரு சின்னஞ்சிறு பெண்ணோடு பூக்களை வைத்து விளையாடுகிறது. அடுத்த கணம் அப்பெண்ணின் பிணத்தைத் தந்தை சுமந்து வருகிறான். "ஏன் கொன்றது? பிறகு அதை ஏன் கொன்றார்கள்?" என்று அனா தன் அக்காள் இசபெலிடம் கேட்கிறாள். இரவில் படுக்கையில் இருந்தபடி இசபெல் ஒரு கதை கட்டிவிடுகிறாள்: எவரும் சாகவில்லை, சினிமாவில் வருவதெல்லாம் பொய், அது ஓர் ஆவி, ஊருக்கு வெளியே இருக்கிறது, அதற்குத் தோழியாகிவிட்டால் கண்ணை மூடிக்கொண்டு 'நான் அனா' என்று அழைத்தால் வரும். சின்னவள் அதை நம்பிவிடுகிறாள். கிணற்றோரம் கைவிடப்பட்டுக் கிடக்கும் ஓர் ஆட்டுக்கொட்டிலுக்குத் தனியே போய்த் தேடுகிறாள். ஒருநாள் அங்கே உண்மையாகவே ஒருவன் இருக்கிறான். ஓடும் இரயிலிலிருந்து குதித்துக் காலில் அடிபட்ட அவன் எவனென்று படம் சொல்வதில்லை. அனா அவனுக்கு ஓர் ஆப்பிள் கொடுக்கிறாள். பின்னர்த் தந்தையின் மேற்சட்டையைக் கொண்டுவந்து கொடுக்கிறாள். அன்றிரவே அவன் சுட்டுக் கொல்லப்படுகிறான்.

இப்படத்தைப் பற்றி இரு சாரார் பேசக் கேட்டிருக்கிறேன். ஒரு சாரார், "இதில் ஒன்றுமே நடக்கவில்லையே!" என்பர். மற்றொரு சாரார், "இதில் எல்லாமே மறைமுகம், குறியீடு தெரிந்தவனுக்கே விளங்கும்" என்பர். முன்னவர் கொட்டாவி விடுவர். பின்னவர் விரிவுரை ஆற்றுவர். ஆனால் இவ்விரு சாராரும் ஒரு சாராரே என்பது என் துணிபு. கண்முன் இருப்பதைக் கண்ணால் காண இருவருக்கும் பொறுமை இல்லை.

முதற்சாராருக்கு விடை கூறுவது எளிது. ஒரு மனிதன் கொல்லப்படுகிறான். ஒரு குழந்தை வீட்டைவிட்டு ஓடி ஓரிரவு முழுதும் காணாமற்போகிறது. ஒரு தாய், போய்ச் சேருமா என்று தனக்கே தெரியாத கடிதங்களை எழுதி, மிதிவண்டியில் நிலையத்துக்குச் சென்று, ஓடும் தடத்தில் வந்து நிற்கும் இரயிலின் தபாற்பெட்டியில் போட்டுவிட்டு வருகிறாள். கடைசியில் ஒரு கடிதத்தைத் தீயிலிடுகிறாள். ஒரே கூரையின்கீழ் வாழும் கணவனும் மனைவியும் ஒருவரோடொருவர் பேசுவதே அரிதாக இருக்கிறது. அக்காள் தங்கையை அச்சுறுத்தப் பிணம்போற் படுத்து நடிக்கிறாள். இத்தனையும் நடந்தபின் "ஒன்றும் நடக்கவில்லை" என்றால், இவர்கள் நிகழ்ச்சி என்று எதைத்தான் சொல்கிறார்கள்? பின்னணி இசை முழங்கி, "இதோ நடக்கிறது, பார்!" என்று தோளைத் தட்டினாலன்றி நிகழ்ச்சியை நிகழ்ச்சியென்று ஏற்காத கண் பழுதுபட்ட கண். இவர்களோடு மேலும் வழக்காட விரும்பவில்லை.

இரண்டாம் சாரார்தாம் கவனத்துக்குரியவர்கள். ஏனெனில் அவர்கள் படித்தவர்கள், படத்தை மதிப்பவர்கள், ஆகவே அவர்களால் விளையும் கேடும் பெரிது. அவர்களுடைய திறவுகோல் பின்வருமாறு. தேன்கூடு என்பது பிராங்கோவின் ஸ்பெயின்: ஓயாமல் உழைக்கும், ஆனால் உயிரற்ற ஒழுங்கு. அறுகோணக் கண்ணாடிகள் பதித்த தேன்நிறச் சன்னல்களையுடைய வீடும் அதுவே. பூதம் என்பது தோல்வியுற்ற குடியரசு. தப்பியோடி வந்தவன் குடியரசுப் படையின் எஞ்சிய வீரன். தாயின் கடிதம் பிரான்சுக்கு ஓடிப்போன பழைய காதலனுக்கு. தேனீ வளர்க்கும் தந்தை, வாய் அடைக்கப்பட்ட அறிவாளி. அனா வருங்கால ஸ்பெயின்.

இது பொய்யா? அன்று. பெரும்பகுதி பொருந்தவே பொருந்துகிறது. 1939 தொடக்கத்தில் ஏறத்தாழ 5 இலட்சம் பேர் எல்லை கடந்து பிரான்சுக்குள் தஞ்சம் புகுந்தனர் என்பது வரலாறு. அவர்களுள் ஒருவருக்குத் தாய் தெரெசா கடிதம் எழுதியிருக்கலாம். என் வழக்கு வேறு. பொருந்துகின்ற ஒன்றைச் சொல்லிவிட்டதாலேயே படம் பார்த்தாகிவிட்டது என்று கருதுவதை எதிர்த்தே நான் வழக்காடுகிறேன். ஒரு திரையிடலுக்குச் சில ஆண்டுகளுக்கு முன் சென்றிருந்தேன். படத்துக்கு முன்னால் பேச வந்தவர் முக்கால் மணி நேரம் மேற்படி பட்டியலை விரித்துரைத்தார். படம் ஓடியபோது என் பக்கத்து இருக்கையில் இருந்த இளைஞர் ஒவ்வொரு காட்சிக்கும் தலையசைத்துக்கொண்டே இருந்தார். அறிந்ததைச் சரிபார்த்துக்கொள்ளும் தலையசைப்பு அது. அனாவின் முகம் திரையை நிறைத்து நின்ற இடத்திலும் அவர் தலையசைத்தார். அக்கண்களில் சரிபார்க்க என்ன இருக்கிறது?

வேடிக்கை என்னவென்றால், இத்தகைய முன்னுரையாளர் ஒருவரைப் படத்துக்குள்ளேயே எரிசே காட்டிவிட்டார். 'பிராங்கென்ஸ்டைன்' தொடங்குமுன் நாகரிக உடையணிந்த ஒருவர் திரையில் தோன்றி, வரப்போகும் கதையைப் பற்றி எச்சரித்து, அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவேண்டா என்றும் அறிவுரை கூறுகிறார். வேலின் படத்தில் உண்மையாகவே உள்ள பகுதி அது. ஊர்ப்பிள்ளைகள் அவரை வாய்பிளந்து பார்க்கிறார்கள்; அவர் சொன்னதில் ஒரு சொல்லும் அவர்கள் செவியில் ஏறவில்லை. அனாவின் செவியில் ஏறியிருந்தால் இந்தப் படமே இல்லை.

அனா திரையைப் பார்க்கும் அந்தக் காட்சியை நடிப்பு என்று எண்ணவேண்டா. அனா டோரெண்ட் என்னும் அச்சிறுமிக்கு உண்மையாகவே 'பிராங்கென்ஸ்டைன்' படத்தைப் போட்டுக் காட்டி, அவள் முகத்தில் எழுந்ததை ஒளிப்பதிவாளர் லூயிஸ் குவாத்ராதோ கைப்படக் கருவியைத் தாங்கிப் பிடித்துப் பதிவு செய்தார். அவள் சற்றே முன்னால் சாய்கிறாள், உதடுகள் பிரிகின்றன, மூச்சு நிற்கிறது. இயக்குநர் சொல்லிக்கொடுத்து வந்ததன்று அது. அக்காலத்தில் குவாத்ராதோவின் கண்பார்வை மெல்ல மெல்ல மங்கிக்கொண்டிருந்தது. 1980இல் அவர் காலமானார். பார்வை இழந்துகொண்டிருந்த ஒருவர், முதன்முதலாகப் பார்க்கும் ஒரு குழந்தையைப் பார்த்து எடுத்த படம் இது. இதற்கு என்ன குறியீடு எழுதுவது? (இன்னொரு செய்தி: கதைமாந்தரின் பெயர்கள் நடிகர்களின் சொந்தப் பெயர்களே. தன்னை வேறு பெயரிட்டு அழைப்பது சிறுமிக்கு விளங்காமற்போகவே, அனா அனாவாகவும் இசபெல் இசபெலாகவும் தெரெசா தெரெசாவாகவும் ஆயினர்.)

இனி அந்த ஏரிக்கரைக் காட்சிக்கு வருவோம். வேல் எடுத்த படத்தில் பூதம் சிறுமியைப் பகைமையால் கொல்வதில்லை. இருவரும் பூக்களை நீரில் மிதக்கவிடுகிறார்கள். பூக்கள் தீர்ந்துபோகின்றன. பெண்ணும் பூப்போல் மிதப்பாள் என்று எண்ணிப் பூதம் அவளைத் தூக்கி எறிகிறது, அவள் மூழ்குகிறாள். அந்த எறிதல் கொடுமையானதென்று தணிக்கையாளர் வெட்டினர். 1980களில்தான் அப்பகுதி மீண்டும் படத்தோடு சேர்ந்தது. ஓயுவெலோஸ் ஊர்க்கூடத்தில் ஓடும் பிரதியிலும் அது இல்லை. பூவிளையாட்டு, அடுத்துப் பிணம். இடையில் வெற்றிடம். குழந்தைகளைக் காப்பதாக நினைத்துச் செய்த வெட்டு, குழந்தையின் உள்ளத்தில் ஆறாத வினா ஒன்றை நட்டுவிட்டது. "ஏன் கொன்றது?" என்ற கேள்வி அந்த வெற்றிடத்திலிருந்தே பிறக்கிறது. அக்கேள்விக்கு அக்காள் தரும் விடை பொய். தந்தையும் தாயும் தருவது மௌனம். ஆயினும் அனா விடையைத் தேடி நடக்கிறாள். தேடி நடப்பதாலேயே, எல்லாரும் அஞ்சியோ வெறுத்தோ விலகும் ஒரு மனிதனுக்கு ஆப்பிள் கொடுக்கிறாள்.

வெற்றிடத்தை உடனே அடைத்துவிடும் ஆசிரியர் இந்த நடையைத் தடுக்கிறார். என் சினத்துக்குக் காரணம் இதுதான்.

வகுப்பறைக் காட்சி ஒன்று இப்படத்தில் உண்டு; ஆசிரியப் பெருமக்கள் அதை ஒருமுறையேனும் காணவேண்டும். மனித உடலைக் கற்பிக்கத் தோன் ஹோசே என்று பெயரிட்ட ஒரு பொம்மையுருவை ஆசிரியை நிறுத்துகிறார். பிள்ளைகள் ஒவ்வொருவராக வந்து இதயம், நுரையீரல், இரைப்பை என்று உறுப்புகளைப் பொருத்துகிறார்கள். இன்னும் ஏதோ குறைகிறது. அனா அழைக்கப்படுகிறாள். அவள் எடுத்துப் பொருத்துவது கண்களை. இப்போது தோன் ஹோசேயால் பார்க்கமுடியும் என்கிறார் ஆசிரியை. குறியீட்டாளர்கள் இதையும் விட்டுவைக்கவில்லை. "கண் திறந்த ஸ்பெயின்" என்று எழுதிவிட்டனர். நான் கண்டது வேறு. அக்கண்களைப் பொருத்துவதற்கு அவள் எம்பவேண்டியிருக்கிறது. பொருத்திய பிறகு அவள் அந்த முகத்தைப் பார்க்கும் பார்வையில், அது தன்னைத் திருப்பிப் பார்க்கிறதோ என்ற ஐயம் இருக்கிறது. எம்பும் கையையும் ஐயுறும் பார்வையையும் விட்டுவிட்டு "ஸ்பெயின்" என்று எழுதிக்கொண்ட மாணவனுக்கு ஏட்டில் ஒரு சொல் கிடைத்தது, அவ்வளவே.

"தணிக்கை இருந்ததனால் எரிசே மறைத்துச் சொன்னார், நாம் வெளிப்படுத்திச் சொல்வதில் என்ன குற்றம்?" என்று கேட்பார்கள். இவர்களின் வலிமையான வாதம் இதுவே. ஆகையால் இதை நேரே எதிர்கொள்ளவேண்டும். 1973இல் பிராங்கோ உயிரோடிருந்தார், தணிக்கையும் இருந்தது என்பது மெய். 1975 நவம்பரில் அவர் இறந்தார். சில ஆண்டுகளில் தணிக்கையும் ஒழிந்தது. மௌனம் வெறும் மறைப்பாக இருந்திருப்பின், அதன்பின் எரிசே உரக்கப் பேசியிருக்கவேண்டுமல்லவா? 1983இல் வெளிவந்த அவருடைய இரண்டாம் படமாகிய 'தெற்கு' என்ன செய்கிறது? அங்கும் ஒரு சிறுமி. அங்கும் போரின் நிழலில் வாழும் தந்தை. அங்கும் பெரியவர்கள் சொல்லாததைக் குழந்தை பார்த்தறிய முயல்கிறாள். எவருடைய கத்தரிக்கோலுக்கும் அஞ்சவேண்டாத காலத்தில் எடுத்த அப்படமும் அதே அடங்கிய குரலில்தான் பேசுகிறது. ஆகவே அம்மௌனம் காவலனை ஏமாற்றப் போட்ட முகமூடியன்று. நினைவு எவ்வாறு உண்டாகிறது என்பதைக் காட்ட அவர் கண்ட முறை அது.

இன்னொன்றும் உண்டு. இப்படம் ஓர் அரசியற் கருத்திலிருந்து முளைக்கவில்லை. ஏரிக்கரையில் பூதமும் சிறுமியும் இருக்கும் ஒரு நிழற்படம் எரிசேயின் கண்முன் இருந்தது. அதிலிருந்தே கதை பிறந்தது. காட்சி முன்னது, கருத்து பின்னது. படைத்தவன் நடந்த வழியே பார்ப்பவனும் நடக்கட்டும் என்கிறேன்.

நினைவு என்று சொன்னேன். அதற்குச் சான்றாகக் காலையுணவுக் காட்சியைச் சொல்வேன். ஓடிவந்தவனுக்கு அனா கொடுத்த மேற்சட்டையில் தந்தையின் சட்டைப்பைக் கடிகாரம் இருந்தது. மூடியைத் திறந்தால் இசைக்கும் கடிகாரம். அவன் அதை மறைத்துக் காட்டி ஒரு சிறு வித்தை செய்து குழந்தையை மகிழ்விக்கிறான். அவன் இறந்தபின் காவற்படையினர் தந்தை பெர்னாண்டோவை அழைத்து, பொருள்களைக் காட்டுகிறார்கள். பிணம் கிடத்தப்பட்டிருப்பது ஊர்க்கூடத்தில், பூதம் தோன்றிய அதே திரையின் அடியில். மறுநாட் காலை குடும்பம் மேசையில் அமர்கிறது. நால்வரையும் சேர்த்து ஒரு சட்டத்துக்குள் எரிசே காட்டுவதில்லை. ஒவ்வொருவரையும் தனித்தனியே காட்டுகிறார். தந்தை கடிகாரத்தை எடுத்துத் திறக்கிறார். இசை கேட்கிறது. அனா தலை நிமிர்கிறாள். அவர் அவளைப் பார்க்கிறார். ஒரு சொல் இல்லை.

அக்கணத்தில் அவளுக்கு என்ன விளங்கியது? அவன் இறந்தான் என்பதா? தந்தைதான் கொன்றார் என்பதா? தான் கொடுத்த பொருள் தன்னைக் காட்டிக்கொடுத்தது என்பதா? படம் சொல்லவில்லை. ஆனால் வாழ்நாள் முழுவதும் அவள் நினைவில் நிற்கப்போவது இந்தச் சிறு இசை என்பதை நாம் அறிகிறோம். நம் இளமையை எண்ணிப் பார்த்தால் தெரியும்: பெரியவர்கள் விளக்கிச் சொன்னவை நம் நினைவில் மிகுதியாக நிற்பதில்லை. ஒரு கதவு மூடிய ஓசை, சமையலறையில் திடீரென நின்றுபோன பேச்சு, வீட்டுக்கு வந்தவர் காலணியில் இருந்த மண், இவைதாம் நிற்கின்றன. பொருள் ஆண்டுகள் கழித்து வருகிறது. சிலவற்றுக்கு வருவதே இல்லை. இந்த முறையைத்தான் எரிசே படத்தின் இலக்கணமாக்கினார். அக்கணத்துக்கு அடிக்குறிப்பு எழுதுகிறவர் அந்த இசையைக் கேளாதவர்.

கொட்டிலில் இரத்தக்கறையைக் கண்டு, பின்னால் வந்து நிற்கும் தந்தையைக் கண்டு, அனா ஓடிவிடுகிறாள். இரவில் நீரோரத்தில் பூதம் அவளிடம் வருகிறது. காலையில் அவளைக் கண்டெடுக்கிறார்கள். அவள் பேசுவதில்லை, உண்பதில்லை. மருத்துவர் தாய்க்கு ஆறுதல் கூறுகிறார்: சிறு குழந்தைதானே, மெல்ல மறந்துவிடுவாள், உயிரோடிருக்கிறாள், அதுவே முக்கியம் என்கிறார். நல்ல மனிதர், நல்லெண்ணத்தோடு சொன்ன சொல். ஆயினும் முழுப்படத்திலும் என்னை நடுங்கவைத்த சொல் அதுதான். ஒரு நாடே தனக்குத் தானே சொல்லிக்கொண்ட சொல் அது. விளக்கக் குறிப்பு எழுதும் நம்மவரும் அதையே வேறு விதமாகச் சொல்கிறார்கள்: "அஞ்சவேண்டா, பூதம் என்பது இன்னதுதான், எழுதிக்கொள், மறந்துவிடு."

அனா மறந்தாளா? அன்றிரவே எழுந்து சன்னலைத் திறந்து, கண்ணை மூடி, தன் பெயரைச் சொல்லி அழைக்கிறாள்.

வரலாறே வேண்டாவா என்று நண்பர் கேட்பது எனக்குக் கேட்கிறது. வேண்டும், கட்டாயம் வேண்டும். ஓரிடத்தில் அனா குடும்பத்தின் நிழற்பட ஏட்டைப் புரட்டுகிறாள். அதில் இளமைக்காலத் தந்தையோடு காணப்படுபவர் மிகேல் தே உனாமுனோ. சலமன்காப் பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்து, 1936 அக்டோபரில் பிராங்கோ தரப்பினரை அவையிலேயே எதிர்த்துப் பேசிப் பதவியிழந்து, அவ்வாண்டின் கடைசி நாளில் மறைந்த பேரறிஞர் அவர். இதை அறிந்தவனுக்குப் பெர்னாண்டோவின் மௌனம் வேறொரு கனம் பெறுகிறது. இரவில் அவர் எழுதி எழுதி அடிக்கும் தேனீக் குறிப்புகள் மேட்டர்லிங்க் 1901இல் வெளியிட்ட 'தேனீயின் வாழ்க்கை' நூலைத் தழுவியவை என்று அறிவதும் நன்றே. படத்தின் பெயரும் அந்நூலிலிருந்து வந்ததுதான். இவற்றை மறுப்பார் யார்? நான் சொல்வது வரிசை பற்றியது. ஏட்டில் இருப்பவர் யாரென்று அனாவுக்குத் தெரியாது. தெரியாமல் பார்க்கும் அப்பார்வையை மாணவன் ஒருமுறையேனும் பார்த்துவிடவேண்டும். பிறகு உனாமுனோவைப் பற்றிச் சொல்லுங்கள். அப்போது அவன் "அந்தப் படத்தில் இருந்தவரா!" என்று தானே வியப்பான். முன்னதாகச் சொல்லிவிட்டால் வியப்பதற்கு ஒன்றுமிராது; தலையசைப்பான்.

தமிழாசிரியர்க்கு இது புதுக்கொள்கையும் அன்று. உள்ளுறை, இறைச்சி என்றெல்லாம் வகுத்த தொல்காப்பியம் நம்முடையது. உள்ளே உறைவதைக் காணவேண்டுமாயின் வெளியே உள்ள யானையும் சுனையும் முதலில் உயிரோடு நிற்கவேண்டும். யானையைக் காணாமல் "யானை என்பது தலைவன்" என்று எழுதிய மாணவனுக்கு நாம் மதிப்பெண் போடுகிறோம். அதனால் அவன் பாட்டைக் கற்றான் என்று எவரும் மனமறிந்து சொல்லமுடியாது. நம் கையில் உள்ள நல்ல கருவியை நாமே விடைத்தாளாக்கிவிட்டோம். அதே கருவியைத் தூக்கிக்கொண்டு காஸ்தீலியச் சமவெளிக்கும் போவானேன்?

படம் பழையதாயிற்று என்று யாரும் சொல்லமுடியாதபடி எரிசே மற்றொன்று செய்தார். 2023ஆம் ஆண்டில், தம் 83ஆம் வயதில், 'கண்களை மூடு' என்னும் படத்தை வெளியிட்டார். நினைவிழந்து கிடக்கும் ஒரு பழைய நடிகனின் கதை அது. அவனுடைய மகளாக வருபவர் அதே அனா டோரெண்ட். தன்னை அறியாத தந்தையின் முன் அமர்ந்து அவர் சொல்கிறார்: "நான் அனா." சொல்லிவிட்டுக் கண்ணை மூடுகிறார். ஐம்பது ஆண்டுகள் அந்த ஒரு சொல்லுக்கும் இந்த ஒரு சொல்லுக்கும் இடையில் கிடக்கின்றன. முதற்படத்தைப் பார்த்து மறவாதவன் இருக்கையில் அப்படியே உறைந்துபோவான். முதற்படத்தைக் குறிப்பாகப் படித்தவனோ, ஒரு பெண் தன் பெயரைச் சொன்னாள் என்று மட்டும் காண்பான்.

நண்பருக்கு வெறுங்கையோடு விடை அனுப்ப மனம் வரவில்லை. ஆதலால் ஒரு தாளில் சில வரிகள் எழுதி அனுப்பினேன். படத்தின் பெயர், ஓயுவெலோஸ் என்னும் ஊர்ப்பெயரை உச்சரிக்கும் முறை, 1936 முதல் 1939 வரை அந்நாட்டில் உள்நாட்டுப் போர் நடந்தது என்ற ஒரே வாக்கியம், அறையின் விளக்குகளை முழுவதும் அணைக்கவேண்டும் என்ற குறிப்பு. பின்பக்கத்தில், அடுத்த வாரம் என்னையும் அழைக்குமாறும், பிள்ளைகள் கேட்கும் கேள்விகளுக்கு அவர் விடை சொல்லிவிடாமல் அவற்றை எழுதி வைத்திருக்குமாறும் கேட்டுக்கொண்டேன். நேற்று மறுமொழி வந்தது. பதினொரு கேள்விகள் இருந்தன. முதலாவது: "பூவுக்கும் பிணத்துக்கும் நடுவில் என்ன நடந்தது, ஐயா?"